சாவிக்கொத்து

மூன்றாம் மாடி, வடக்குச் சன்னல், ஹில்டெஸ்ஹைம்.
உருப்பெருக்கியின் கீழ் நான்கு விரற்கடை லினன்.
பாவில் இருபத்திரண்டு இழை, ஊடையில் பதினான்கு.
எண்ணுவதற்குத்தான் எனக்குச் சம்பளம்.
ஓரத்தில் மையால் ஒரு சலவைக் குறி;
சாவுக்கென்று நெய்த துணியில்லை இது.
யாரோ புரண்டு படுத்த விரிப்பு.
முழங்கை தேய்த்த இடத்தில் ஒட்டுப் போட்டிருக்கிறார்கள்.
ஒட்டு இன்னும் கெட்டியாக இருக்கிறது.

அவள் பெயர் பதிவேட்டில் இல்லை.
எண் இருக்கிறது, அதிலும் ஒரு பிழை.

நாற்பது நாள் உப்பில் வைத்தார்கள்.
மூளையைக் கொக்கியால் இழுத்தவர்கள்
இதயத்தை மட்டும் இருந்த இடத்திலேயே விட்டார்கள்.
கால்விரல் பத்தையும் தனித்தனியே சுற்றிய கை
எங்கும் அவசரப்படவில்லை,
இடது சுண்டுவிரலைத் தவிர.
அந்நேரம் யாரோ சாப்பிடக் கூப்பிட்டிருக்க வேண்டும்.

ஆறரைக்கு ஹென்னிங் வருகிறான்.
லேர்ட்டே சந்திப்பில், திரைகளின் முன்,
எந்த ரயில் போக, எந்த ரயில் நிற்க என்று
நாளெல்லாம் முடிவு செய்து
மிச்சமில்லாமல் வருகிறான்.
காலணியைக் கழற்றும் முன்பே கேட்கிறான்:
'இன்றைக்கு முடியுமா, வீப்கே?'
மணிக்கட்டு வலிக்கிறது என்றால் சூப் வைப்போம்.
இன்று வலிக்கவில்லை.

கட்டுத்துணி இருபத்தாறு சுருள்.
மருந்துக்கடை ஓல்ட்மான் அம்மாள்
எங்கள் வீட்டில் யாரோ நெடுநாள் நோயாளி என்று நம்பி
தள்ளுபடி தருகிறாள்.
மறுக்க வழி தெரியவில்லை.

தண்ணீர் குடித்தாயா?
மூக்கடைப்பு?
அந்தத் தோள் எப்படி?
இன்று எது வேண்டாம்?
ஏழு வருடமாக இதே கேள்விகள்.
பதில் தெரியும். கேட்கிறேன்.
நேற்றுச் சொன்ன சரி நேற்றோடு போயிற்று.

முனை மழுங்கிய கத்தரிக்கோல் என் மடியில்.
அவன் வலது கைக்குள் சாவிக்கொத்து;
வாயைச் சுற்றிய பின் அவனிடம் மிஞ்சும் ஒரே சொல்.
விழுந்தால் வெட்டுவேன்.

பாதத்திலிருந்து மேலே போகிறேன்.
காயத்துக்கு ஒரு கட்டு, கைதிக்கு ஒரு கட்டு,
வைக்கோலுக்கும் ஒரு கட்டு.
நான் போடுவது எந்தக் கட்டென்று
இன்றுவரை எனக்குச் சரியாகத் தெரியாது.
முழங்கால் வந்ததும் அவன் முகம் மாறுகிறது,
விளக்கை அணைத்தபின் அறை மாறுவதுபோல.
நெஞ்சைத் தளர்த்தி, தோளை இறுக்கி,
மூக்கை விட்டு, கண்ணை மூடி.
பிறகு பக்கத்தில் அமர்ந்து
ஆப்பிள் தின்கிறேன்.

பகல் முழுதும் நான் காணாத ஒன்று இங்கே:
துணி ஏறுகிறது. இறங்குகிறது.

நவம்பரில் ஒரு புதன்.
சாவிக்கொத்து விழுந்தது.
கத்தரிக்கோல் எப்படிக் கைக்கு வந்ததோ.
வாய், தொண்டை, மார்பு,
பதினொரு சுருளை வெட்டித் தள்ளி
'எங்கே? எங்கே வலிக்கிறது?' என்று கத்தினேன்.
அவன் கண்ணைக் கசக்கினான்.
'தூங்கிவிட்டேன்.'

அடிக்க வேண்டும்போல் இருந்தது.
அவனோ பசிக்கிறது என்றான்.
இரவு பதினொன்றுக்கு முட்டை பொரித்தேன்.
வெட்டுப்பட்ட துணி இடுப்பில் தொங்க
நின்றுகொண்டே தின்றான்,
பாதி அவிழ்ந்த மொட்டுபோல, அசிங்கமாக.
தோளில் நெசவின் தடம் பதிந்திருந்தது.
பழக்கதோஷம், எண்ணினேன்.

மறுநாள் அவளுடைய எக்ஸ்ரேயை
மறுபடி விளக்கில் மாட்டினேன்.
வலது கை திறந்திருக்கிறது.
உள்ளே ஒன்றுமில்லை.
எது வேண்டாம் என்று அவளிடம்
எவரும் கேட்டதற்குத் தடயமில்லை,
கேட்டிருக்கவும் கூடும்,
லினனில் அது பதியாது.

கிடங்கைப் பூட்டும்போது
என் சாவிக்கொத்தைத்
தரையில் போட்டுப் பார்த்தேன்.
சிமெண்டில் பெரிய சத்தம்.
தாழ்வாரத்தின் கோடியிலிருந்து
இரவுக் காவலர் ட்ராகன் குரல் கொடுத்தார்:
'எல்லாம் சரிதானே?'
ஓடிவரும் காலடி கேட்டது.